சாமந்தி இல்லாத தபால் அட்டை

ஹமமாட்சு,
அக்டோபர் கடைசி.

பெருமதிப்பிற்குரிய அக்கா தொமிகோ அவர்களின் சமூகத்துக்குத் தம்பி ஷிகெயோஷி தலை தாழ்த்தி எழுதிக்கொண்டது. ஹிரோசாகியில் இந்நேரம் குளிர் இறங்கியிருக்கும். அத்தானுடைய இடுப்புப் பிடிப்பு இப்போது எப்படி இருக்கிறது? நீங்கள் அனுப்பிய ஆப்பிள் பெட்டி ஒரு பழம்கூட அடிபடாமல் வந்து சேர்ந்தது. ஃபுசாயே ஒவ்வொன்றாக எடுத்துத் துடைத்து, அழகாக இருந்ததை அப்பா படத்துக்கு முன்னால் வைத்தாள். நாங்கள் புருஷன் பெண்டாட்டி இருவரும் சௌக்கியம். மரியாதை இதுவரை போதும் என்று நினைக்கிறேன். இனி 'நீ' என்றே எழுதுகிறேன், 'நீங்கள்' போட்டால் கை ஓட மாட்டேன் என்கிறது.

இந்தக் கடிதம் ஒரு கோரிக்கைக் கடிதம். அறுபது வருஷமாக நீ என்னைத் 'தோஃபு' என்று கூப்பிடுகிறாய். அந்தச் சோயாப் பால் கட்டி மாதிரி யார் விரலை வைத்தாலும் உள்ளே போகும் என்று அதற்கு விளக்கம் வேறு. பஸ் கம்பெனியில் தொலைந்த சாமான் கவுண்டரில் உட்கார்ந்திருந்த காலத்தில், யார் வந்து "அந்தக் குடை என்னுது" என்று சொன்னாலும் எடுத்துக் கொடுத்தேன் என்பது உண்மைதான். ஒரே குடையை இரண்டு பேருக்குக் கொடுக்க முடியாமல், இரண்டாவது ஆளுக்கு என் சொந்தக் குடையைக் கொடுத்தனுப்பினேன் என்பதும் உண்மை. ஆனால் அந்த ஷிகெயோஷி இப்போது இல்லை அக்கா. நான் ஒரு கம்பெனிக்கு முகத்துக்கு நேராக 'வேண்டாம்' என்று சொல்லிவிட்டேன். முழுவதையும் படித்துவிட்டு, அந்தப் பெயரை நீ வாபஸ் வாங்க வேண்டும்.

நடந்தது இதுதான். கடைத்தெருவில் இந்த மாதம் குலுக்கல் வைத்தார்கள். கைப்பிடியைச் சுற்றினால் கலர் குண்டு விழுமே, அதுதான். ஃபுசாயேவுக்குப் பிறந்ததிலிருந்து வெள்ளைக் குண்டும் ஒரு காகிதக் கைக்குட்டைப் பொட்டலமும் தவிர எதுவும் விழுந்ததில்லை. இந்தத் தடவை தங்கக் குண்டு விழுந்தது. மணி அடித்தார்கள், அவள் பயந்துபோய் சுற்றி நின்ற எல்லோரிடமும் மன்னிப்புக் கேட்டாள். பரிசு, அதாமியில் கடலோர ஹோட்டல் ஒன்றில் இரண்டு பேருக்கு மதியச் சாப்பாடு. போனோம். முழு நண்டு வைத்தார்கள் அக்கா, ஆளுக்கு ஒன்று. கையோடு ஒரு முலாம்பழத்தைத் துணியில் கட்டிக் கொடுத்தார்கள். அதற்கப்புறம் குராமொச்சி என்று ஒரு பையன் வந்தான். முப்பது வயது இருக்கும், காலர் கொஞ்சம் பெரியதாகிவிட்ட மாதிரி மெலிந்த கழுத்து. "அம்மா, ஐயா, ஒரு அறையை மட்டும் பாத்துட்டுப் போங்களேன்" என்றான். நண்டைத் தின்ற வாயால் எப்படி மாட்டேன் என்பது?

அறை நன்றாகத்தான் இருந்தது. சுவர் முழுக்க ஜன்னல், ஜன்னல் முழுக்கக் கடல். ஃபுசாயே கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தவள் எழுந்திருக்கவே இல்லை, முழங்கால் வலிக்குப் போலிருக்கிறது என்று நான் நினைத்துக்கொண்டேன். அந்த அறை வருஷத்தில் ஒரு வாரம் நம்முடையதாம், மற்ற வாரங்கள் மற்றவர்களுடையதாம், டைம்ஷேர் என்று பெயராம். நான் ரொம்பத் தெளிவாக, "யோசிச்சுச் சொல்றோம்" என்றேன். நம் ஊரில் அதற்கு என்ன அர்த்தம் என்று குழந்தைக்குக்கூடத் தெரியும். இவன் மட்டும், "தாராளமா யோசிங்க ஐயா, நான் இங்கேயே இருக்கேன்" என்று எதிரில் முட்டி போட்டு உட்கார்ந்துவிட்டான். நான் யோசிக்கிற மாதிரி முகத்தை வைத்துக்கொண்டேன். அவன் காத்திருந்தான். மறுபடியும் "வீட்டுக்குப் போய்ப் பொறுமையா யோசிக்கணும்" என்றேன். "இங்கேயும் பொறுமையா யோசிக்கலாம், தேநீர் கொண்டுவரச் சொல்லட்டுமா" என்றான். அவன் வயிறு கடமுடா என்று சத்தம் போட்டது, காலையிலிருந்து சாப்பிடவில்லை போலிருக்கிறது. எங்களுக்கு நண்டு கொடுத்துவிட்டு அவன் பட்டினி கிடக்கிறானே என்று எனக்கு மனசு கேட்கவில்லை. அவன் எழுந்துபோய்ச் சாப்பிடட்டும் என்று கையெழுத்துப் போட்டேன்.

திரும்பி வரும் ரயிலில் முலாம்பழம் என் மடியில் இருந்தது. ஷிசுவோகா தாண்டியதும் ஃபுசாயே என் பக்கம் திரும்பினாள்.

"ஏங்க, நாம இப்ப என்ன வாங்கியிருக்கோம்?" என்றாள்.

"ஒரு வாரம்."

"எந்த வாரம்?"

"பிப்ரவரியில."

"பிப்ரவரியில கடல்கிட்ட போய் என்ன பண்றது? நடுங்குறதா?"

அப்புறம்தான் இரண்டு பேருக்கும் ஒரே நேரத்தில் உறைத்தது. அது குளியலறைப் பணம். எங்கள் குளியல் தொட்டியை நீ பார்த்திருக்கிறாய், கிணறு மாதிரி ஆழம். ஃபுசாயே காலைத் தூக்கி உள்ளே வைக்க முடியாமல், இந்த இரண்டு வருஷமாக நான் பக்கத்தில் நின்று தோள் கொடுத்தால்தான் இறங்குகிறாள். போன மாதம் வழுக்கிவிட்டது, நான் பிடித்துக்கொண்டேன். நான் இல்லாத நேரமாக இருந்தால் என்ன ஆகியிருக்கும்? தாழ்வான தொட்டி, பிடித்துக்கொள்ளக் கம்பி என்று வைக்கச் சேர்த்திருந்ததைத்தான் கொண்டுபோய்ப் பிப்ரவரிக் கடலில் போட்டிருந்தேன். நான் ஒரு முட்டாள் அக்கா, அதை நீ சொல்வதற்கு முன்னால் நானே எழுதிவிடுகிறேன்.

மறுநாள் ஃபுசாயே ஒப்பந்தத்தைப் பூதக்கண்ணாடி வைத்துப் படித்தாள். எட்டு நாளுக்குள் மனசு மாறினால் ஒரு தபால் அட்டை போட்டால் போதும், எல்லாம் ரத்து என்று சிவப்புக் கட்டத்துக்குள் போட்டிருந்தது. அவ்வளவுதானே என்று உட்கார்ந்து எழுதினேன். வீட்டோரச் சாமந்திகள் மொட்டு விடும் இந்த இனிய பருவத்தில் என்று தொடங்கி, நண்டின் ருசியைப் பாராட்டி, பேச்சுவாக்கில் தன் அம்மாவுக்கு முதுகு வலி என்று குராமொச்சி சொல்லியிருந்ததால் அவர் உடம்பையும் விசாரித்தேன். அதற்குள் அட்டை முடிந்துவிட்டது. ஓரத்தில் இருந்த இடத்தில், ஒப்பந்தம் குறித்து நாங்கள் சற்றே சிரமமாக உணரக்கூடிய ஒரு நிலையில் இருக்கக்கூடும் என்று நுணுக்கி எழுதினேன். ஃபுசாயே வாங்கிப் படித்தாள்.

"இதப் படிச்சா, இன்னொரு அறையும் வேணும்னு கேக்குற மாதிரி இருக்கே."

அடுத்த அட்டையில் அவன் அம்மாவை எடுத்துவிட்டேன். மனசு உறுத்தியது, அதற்கடுத்த அட்டையில் திரும்பச் சேர்த்தேன். கடைசியில் நகராட்சியின் நுகர்வோர் ஆலோசனை எண்ணுக்குப் போன் செய்தோம். ஒரு அம்மா எடுத்தார். அப்படியே உன் குரல் மாதிரி.

"எழுதினத வாசிங்க."

வாசித்தேன்.

"மூணே வரி போதும் ஐயா. இன்ன தேதி ஒப்பந்தம். அதை ரத்து செய்கிறேன். பணத்தைத் திருப்பித் தரவும். கீழ பேர், விலாசம்."

"தொடக்கத்துல ஒரு வந்தனம்?"

"வேண்டாம்."

"சாமந்தியாவது..."

"ஐயா, சாமந்தி வேண்டாம்!"

மூன்று வரி எழுதினேன். படித்துப் பார்த்தால் யாரோ ரவுடி எழுதியது மாதிரி இருந்தது. இதை அப்படியே போட எனக்கு மனசு வரவில்லை. முதலில் பட்ட கடனைத் தீர்த்துவிட்டு அப்புறம் போடலாம் என்று தோன்றியது. ஒருவர் கொடுத்ததில் பாதிக்காவது பதில் மரியாதை செய்ய வேண்டாமா? ஃபுசாயே சூப்பர் மார்க்கெட்டுக்குப் போய் நண்டு விலையைப் பார்த்துவிட்டு வந்தாள். முலாம்பழத்தைத் திருப்பிக் கொடுத்துவிடலாம் என்றால் அது அப்பா படத்துக்கு முன்னால் இருக்கிறது. முலாம்பழம் என்றால் அப்பா எப்படி என்று உனக்கே தெரியும். அவர் முன்னால் வைத்ததை எடுத்து ஹோட்டல்காரர்களுக்கு அனுப்ப நான் ஆள் இல்லை. ஆக, நண்டில் பாதி, பழத்தில் பாதி என்று கணக்குப் போட்டு, முதல் தரத் தேயிலை டின் இரண்டை அழகாகச் சுற்றி, குராமொச்சி பெயருக்குக் கூரியரில் அனுப்பினோம். உள்ளே என்ன எழுதுவது என்று தெரியாமல் ஒன்றும் எழுதவில்லை. இதிலெல்லாம் நாள் ஓடிவிட்டது.

எட்டாவது நாள் மதியம் மூன்று வரி அட்டையைச் செருப்பு அலமாரி மேல் வைத்துவிட்டு, தபாலாபீசுக்குப் போகக் கோட்டு மாட்டிக்கொண்டிருந்தேன். அன்றைய முத்திரை விழுந்தால்தான் செல்லும். மணி அடித்தது. திறந்தால் குராமொச்சி நிற்கிறான், கையில் அரிசி முறுக்குப் பெட்டி. தேயிலைக்குப் பதில் மரியாதை!

அக்கா, அவன் வாசலிலேயே இடுப்பு மடிய வணங்கினான். "இந்த வேலைக்கு வந்து ஆறு வருஷம் ஆச்சு ஐயா. எனக்கு ஜனங்க அனுப்புறதெல்லாம் தபால் அட்டைதான். தேயிலை அனுப்பினது நீங்க ரெண்டு பேர்தான்" என்றான். அலமாரி மேல் அட்டை மல்லாந்து கிடக்கிறது. நான் அதன் மேல் என் தொப்பியை வைத்தேன்.

உள்ளே வந்து உட்கார்ந்தான். தேநீர் கொடுத்தோம். ஒருவர் கிளம்ப வேண்டும் என்றால் நாம் என்னென்ன ஜாடை செய்வோமோ அத்தனையும் செய்தேன். "இன்னொரு கப் ஊத்தட்டுமா?" என்றேன், "சந்தோஷமா" என்றான். "அதாமிக்கு ரொம்ப தூரம் போகணுமே" என்றேன், "கார்லதான் வந்தேன், அவசரமில்ல" என்றான். கடிகாரத்தைப் பார்த்தேன், அவனும் பார்த்து, "அழகான கடிகாரம்" என்றான். தபாலாபீஸ் ஐந்துக்கு மூடுகிறது. நான்கரை ஆகிவிட்டது. எனக்குத் தொண்டை வரைக்கும் வந்தது, வாய்க்கு வரவில்லை. அப்பா மேல் சத்தியமாக நான் சொல்லத்தான் போனேன். அதற்குள் ஃபுசாயே மேஜையைப் பிடித்துக்கொண்டு மெல்ல எழுந்து நின்றாள்.

"தம்பி, எனக்கு முழங்கால் முடியல. அது குளியலறைக்குன்னு வச்சிருந்த பணம். எங்களுக்கு அந்த வாரம் வேணாம்."

அவ்வளவுதான். ஒரு சாமந்திகூட இல்லை. குராமொச்சி கப்பைக் கீழே வைத்தான். நான் கண்ணை மூடிக்கொண்டேன்.

"அட்டை எழுதிட்டீங்களாம்மா?" என்றான்.

நான் போய்த் தொப்பியைத் தூக்கி எடுத்து வந்து காட்டினேன். அவன் வாங்கிப் படித்தான்.

"நல்லா எழுதியிருக்கீங்க. ஆனா எங்க கம்பெனி விலாசத்துல மாடி எண் விட்டுப்போச்சு." தன் பேனாவாலேயே எழுதிக் கொடுத்துவிட்டுக் கடிகாரத்தைப் பார்த்தான். "அய்யய்யோ, ஏறுங்க கார்ல!"

கம்பெனி காரில், கம்பெனியை வேண்டாம் என்று சொல்லும் அட்டையோடு, மூன்று பேரும் பறந்தோம். ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டார்கள். குராமொச்சி குனிந்து உள்ளே தலையை நீட்டி, "ஒரே ஒரு அட்டை, ரொம்ப அவசரம், மன்னிக்கணும்" என்று வணங்கினான். முத்திரை விழுகிற சத்தம் எங்கள் மூவருக்கும் கேட்டது. வீட்டுக்குத் திரும்பி வந்து முலாம்பழத்தை அப்பாவிடம் சொல்லிவிட்டு இறக்கி வெட்டினோம். நன்றாகக் கனிந்திருந்தது. குராமொச்சி மூன்று துண்டு சாப்பிட்டான்.

ஆகவே அக்கா, உன் தம்பி தோஃபு இல்லை என்பது இதனால் நிரூபணமாகிவிட்டது. 'வேண்டாம்' என்று சொன்னது ஃபுசாயேதானே என்று நீ கேட்பாய். ஒரே வீடு, ஒரே ஒப்பந்தம், யார் வாய் என்பதெல்லாம் சின்ன விஷயம். இனிமேல் எங்கள் வாசலில் யார் வந்து எதை விரித்தாலும் நடக்காது. நீ கவலையே படாதே, எங்களுக்குப் பாடம் சொல்லித்தர ரயில் ஏறி வர வேண்டிய அவசியமும் இல்லை.

அத்தானுக்கு என் வணக்கம், குழந்தைகளுக்கு ஆசிகள். உங்கள் தோட்டத்தில் பனி மெதுவாக இறங்கட்டும், மரம் ஒன்றும் ஒடியாமல் இருக்கட்டும்.

உன் திடமான தம்பி,
ஷிகெயோஷி

பின்குறிப்பு: ஆப்பிளுக்குப் பதிலாக முதல் ஆரஞ்சு வந்ததும் பெட்டியோடு சேர்த்து அனுப்பலாம் என்று இந்தக் கடிதத்தை வைத்திருந்தேன். மூன்று வாரம் ஆகிவிட்டது. அதற்குள் ஒன்று நடந்தது. குராமொச்சி அந்த வேலையை விட்டுவிட்டான். இப்போது டொயோஹாஷியில் அவன் மாமா கடையில் இருக்கிறான், குளியலறை அமைக்கிற கடை. போன வாரம் படப் புத்தகத்தோடு வந்தான். நான் உடனே, ரொம்பத் தெளிவாக, "யோசிச்சுச் சொல்றோம்" என்றேன். ஃபுசாயே பக்கங்களைப் புரட்டிக்கொண்டே வந்தவள் ஒரு இடத்தில் விரலை வைத்தாள். தாழ்வான தொட்டி, இரண்டு பக்கமும் கம்பி. சுவர் முழுக்க ஒட்டுகிற பலகையில் கடல் படம், அந்த அதாமி ஜன்னலில் தெரிந்த அதே மாதிரிக் கடல். "இது" என்றாள். இத்தனை வருஷத்தில் அவள் ஒன்றைக் காட்டி 'இது' என்று சொல்லி நான் கேட்டதில்லை. அன்று கட்டில் ஓரத்தில் அவள் உட்கார்ந்திருந்தது முழங்காலுக்காக இல்லை என்பது எனக்கு அப்போதுதான் விளங்கியது.

கையெழுத்துப் போட்டுவிட்டேன். இதற்கும் எட்டு நாள் உண்டாம். குராமொச்சியே மூன்று வரி எழுதி, மாடி எண்ணோடு விலாசமும் போட்டு, ஸ்டாம்பு ஒட்டி, "மனசு மாறினா பேரை மட்டும் எழுதிப் போட்டுடுங்க ஐயா, தேயிலையெல்லாம் அனுப்பாதீங்க" என்று ஒரு அட்டையைக் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறான். இன்றுதான் கடைசி நாள். அட்டை செருப்பு அலமாரி மேல் இருக்கிறது, ஃபுசாயே அதன் மேல் உனக்கு அனுப்ப வேண்டிய ஆரஞ்சுப் பெட்டியைத் தூக்கி வைத்துவிட்டாள். பெட்டி நாளைக்குத்தான் போகும். மேலே கேட்ட கோரிக்கையை நான் வாபஸ் வாங்கிக்கொள்கிறேன். நீ என்னைத் தோஃபு என்றே கூப்பிடு, அக்கா. அவளை மட்டும் அப்படிக் கூப்பிடாதே.