சொர்ணம் என்கிற ஆடும் சுவரைப் பார்த்து நின்ற சிறுத்தையும்

ஒரு காட்டில் ஒரு சிறுத்தை, ஒரு முயல், ஒரு மயில், ஒரு முள்ளம்பன்றி, நாலு கம்ப்யூட்டர் இருந்தன. சிங்கம் இல்லை. சிங்கம் இருந்தால் அதைச் சுற்றியே கதை போகும், அதனால் இல்லை.

கம்ப்யூட்டர் எப்படி வந்தது என்றால், காட்டைப் பற்றி ஆராய்ச்சி செய்கிறோம் என்று சில மனிதர்கள் வந்து ஒரு கட்டடம் கட்டினார்கள். கூரையில் சோலார் தகடு வைத்தார்கள். ஆராய்ச்சி முடிவதற்கு முன்பே பணம் முடிந்துவிட்டது. கதவைக்கூடச் சாத்தாமல் போய்விட்டார்கள். டவர் கிடையாது, நெட் கிடையாது. ஆனால் ஒரு மெஷினில் ஒரு விளையாட்டு இருந்தது. ஆராய்ச்சி ஏன் முடியவில்லை என்று அதைப் பார்த்ததும் புரிந்தது.

விளையாட்டு ரொம்ப எளிது. எல்லாமே கட்டை கட்டையாக இருக்கும். மண்ணைத் தோண்டலாம், கல்லை அடுக்கலாம், வீடு கட்டலாம், ஆடு வளர்க்கலாம். பசிக்கும், சாப்பிட வேண்டும். செத்துப் போனால் உன் படுக்கையில் நீயே எழுந்திருப்பாய். ஜெயிப்பது தோற்பது என்று எதுவும் இல்லை. அதனால்தான் விடவே முடியாது.

முள்ளம்பன்றிக்கு ஒயர் வேலை வரும். அந்த விளையாட்டை மற்ற மெஷின்களிலும் ஏற்றி, நாலையும் ஒயரால் ஒரு சின்னப் பெட்டியில் செருகிவிட்டது. நாலு பேரும் ஒரே உலகத்துக்குள் போகலாம் என்றது. அந்த உலகம் ஓடியது முயலின் மெஷினில். இருப்பதில் அதுதான் நல்ல மெஷின், முயல்தான் முதலில் வந்து உட்கார்ந்தது. மற்ற மூன்று பேரும் ஒயர் வழியாக அதற்குள் போய் வந்தார்கள். முயல் பாஸ்வேர்ட் போட்டால்தான் யாருக்கும் விடியும்.

இதில் ஒரு சிக்கல் இருக்கிறது. நெட்டில் விளையாடினால் எதிராளி எங்கேயோ இருப்பான். அவனை வெட்டிவிட்டு நிம்மதியாகத் தூங்கலாம். ஒயரில் விளையாடினால் எதிராளி பக்கத்து நாற்காலியில் இருப்பான். இங்கே பக்கத்து நாற்காலியில் சிறுத்தை இருந்தது.

அதற்காக முதல் நாளே ஒரு விதி போட்டார்கள். வெயில் போனால் கரண்ட் போகும். கரண்ட் போனதும் சிறுத்தை எழுந்து சுவரைப் பார்த்துத் திரும்பி நிற்க வேண்டும். மற்றவர்கள் வெளியே போய்விடுவார்கள். முயல் எதிரே இருக்கும் உண்ணிச்செடிப் புதருக்குள் போய்ப் பின்னங்காலால் தரையைத் தட்டும். முயல் தட்டியதும் சிறுத்தை திரும்பலாம். அதற்குப் பிறகு யார் மாட்டினாலும் அது அவரவர் பாடு. காலையில் மறுபடி எல்லோரும் நண்பர்கள். சிறுத்தை ஒருநாள்கூட முன்னால் திரும்பியதில்லை. ஆட ஆள் குறைந்துவிடும் என்று அதற்கும் தெரியும்.

போகும் வரிசை தானாகவே அமைந்தது. தோகை நீளம் என்பதால் மயில் முதலில். பிறகு முள்ளம்பன்றி. கடைசியாக முயல்.

விளையாட்டுக்குள் சிறுத்தை ஒன்றுக்கும் உதவாது. பாதம் பெரிது. ஒரு பட்டனை அழுத்தினால் மூன்று பட்டன் சேர்ந்து அழுந்தும். நேராகக் கீழே தோண்டும், நெருப்புக் குழம்பில் விழும், சாகும், படுக்கையில் எழும், திரும்பவும் நேராகக் கீழே தோண்டும். முயல்தான் அங்கே ராஜா. வாள் அதனிடம், கவசம் அதனிடம். "அண்ணே, சும்மா நிக்காதீங்க, அந்த மண்ணை அள்ளிப் போடுங்க" என்று முயல் சொல்லும், சிறுத்தை அள்ளிப் போடும். முள்ளம்பன்றி யாரோடும் பேசாமல் ஒரு சுவர் கட்டிக்கொண்டிருந்தது. மயில் தன்னையே சிலையாகக் கட்டிக்கொண்டிருந்தது. தோகை மட்டும் பாதி உலகத்தை அடைத்தது.

சிறுத்தைக்கு ஒன்றே ஒன்று வந்தது. ஆடு வளர்ப்பது. வேலி போட்டது, பக்கத்திலேயே கேரட் போட்டது. விளையாட்டுக்குள் அது கறி தொடாது, கேரட்தான் தின்னும். கறி தின்றது முயல். ஏனென்றால் கேரட்டை விடக் கறியில் பசி சீக்கிரம் அடங்கும், முயலுக்கு நேரம் முக்கியம். ஆடுகளில் ஒன்றுக்குச் சிறுத்தை பேர்ப்பலகை வாங்கி மாட்டியது. தலைக்கு மேல் "சொர்ணம்" என்று மிதக்கும். கையில் கோதுமையை வைத்துக்கொண்டு சிறுத்தை முன்னால் நடக்கும், சொர்ணம் பின்னால் வரும். பகல் பூராவும் இதுதான்.

ஒருநாள் முயல் சுரங்கத்துக்குள் ரொம்ப ஆழம் போய்விட்டது. வைரம் கிடைத்தது. ஆனால் திரும்பி மேலே வரும்போது பசியில், திரையில் உயிரைக் காட்டும் பத்து இதயத்தில் அரைதான் மிச்சம். இன்னும் நாலு அடி நடந்தால் சாவு, செத்தால் வைரம் பூராவும் அங்கேயே கொட்டிவிடும். கறியும் இல்லை, ரொட்டியும் இல்லை. பச்சைக் கோதுமை மட்டும் கையில் இருந்தது, அதைத் தின்ன முடியாது. எதிரே வேலி. கோதுமையைப் பார்த்து ஒரு ஆடு கிட்டே வந்தது. முயல் வெட்டியது, சுட்டது, தின்றது. தலைக்கு மேல் என்ன எழுதியிருந்தது என்று படிக்கவில்லை.

அந்நேரம் சிறுத்தை வழக்கம்போல் செத்துப் படுக்கையில் எழுந்து வந்தது. வேலிக்குள் எண்ணிப் பார்த்தது. பிறகு நிஜத் தலையைத் திருப்பி, பக்கத்து நாற்காலியைப் பார்த்தது.

முயல் மறைக்கவில்லை. பசித்தது, சாப்பிட்டேன், உங்களுக்கு வேறு ஆடு இருக்கிறதே என்றது.

"ஓடலயா அது?" என்று கேட்டது சிறுத்தை.

"இல்ல. கோதுமையைப் பாத்துக் கிட்ட வந்துச்சு."

சிறுத்தை மோவாயை மேசைமேல் வைத்துக்கொண்டது. முள்ளம்பன்றி சமாதானம் செய்கிறேன் என்று, போன மாதம் நீங்கள்கூட முயலின் சித்தப்பாவைச் சாப்பிட்டீர்களே அண்ணே என்று ஞாபகப்படுத்தியது.

"அது பசி" என்றது சிறுத்தை.

"இதுவும் பசிதான்" என்றது முயல்.

"சொர்ணத்துக்குப் பேரு இருந்துச்சு."

"எங்க சித்தப்பாவுக்கும் பேரு இருந்துச்சு."

சிறுத்தை யோசித்தது. "எனக்கு யாரும் சொல்லலயே" என்றது.

பாடப்புத்தகக் கதையாக இருந்தால் சிறுத்தை இந்த இடத்தில் திருந்தியிருக்கும். பெற்ற வலியைப் பிறருக்குத் தர மாட்டேன் என்று அழுது, அன்றிலிருந்து நிஜக் கேரட் தின்றிருக்கும். முயலும் ஒருகணம் அதைத்தான் எதிர்பார்த்தது. சிறுத்தை திருந்தவில்லை. இன்றைக்கு நான் சுவரைப் பார்க்கப் போவதில்லை என்று மட்டும் சொன்னது.

ஜன்னலில் வெயில் சாய்ந்துகொண்டிருந்தது. கதவுக்கும் முயலுக்கும் நடுவில் சிறுத்தையின் வால் கிடந்தது.

முயல் முதலில் மிரட்டிப் பார்த்தது. உலகம் என் மெஷினில் இருக்கிறது, நாளைக்கு நான் வராவிட்டால் பாஸ்வேர்ட் போட ஆள் இல்லை, மிச்ச ஆடும் போய்விடும் என்றது. மிச்ச ஆடு போகட்டும், சொர்ணமே போய்விட்டது என்றது சிறுத்தை. மிரட்டல் எடுபடாததால் முயல் பொய்க்கு மாறியது.

"அண்ணே, காலையில இருந்த உலகம் இந்த மெஷின்ல தனியா ஒரு ஓரத்துல இருக்கு. அதுல சொர்ணம் உயிரோடதான் நிக்குது. அதை மட்டும் எடுத்து இங்க விட்டுரவா?"

அப்படி ஒன்றும் இல்லை. அந்த விளையாட்டு பழையதன் மேலேயே புதியதை எழுதும், போனது போனதுதான். முள்ளம்பன்றிக்கு இது தெரியும். அது தன் சுவரில் இன்னொரு கல் வைத்தது.

சிறுத்தையின் காது நிமிர்ந்தது. செய் என்றது. பார்த்துக்கொண்டிருந்தால் வராது, சுவரைப் பார்த்துத் திரும்பி நில்லுங்கள் என்றது முயல். சிறுத்தைக்கு அது பழகிய வேலை. எழுந்து போய் நின்றது.

முயல் சொர்ணத்தின் வேலிக்குள் போய் ரெண்டு ஆட்டுக்குக் கோதுமை கொடுத்தது. குட்டி பிறந்தது. குட்டிக்கு வரிசையாகக் கோதுமை கொடுத்துக்கொண்டே இருந்தது, அது சீக்கிரம் பெரிசானது. ஒரு பேர்ப்பலகை எடுத்து, எழுத்துக் கூட்டி, மாட்டியது. அவ்வளவுதான்.

சிறுத்தை வந்து உட்கார்ந்தது. கையில் கோதுமை எடுத்தது. ஆடு கிட்டே வந்தது. அந்த விளையாட்டில் எந்த ஆடாக இருந்தாலும் வரும்.

"அதே நடை" என்றது சிறுத்தை. எல்லா ஆட்டுக்கும் அதே நடைதான்.

இத்துடன் கதை முடிந்திருக்கலாம். ஆனால் மயில் எல்லாவற்றையும் தன் திரையில் பார்த்துக்கொண்டிருந்தது. கரண்ட் போகிற நேரத்தில் கழுத்தை நீட்டி முயலின் காதுக்குப் பக்கத்தில் வந்தது.

"நாளைக்கு என் சிலையை மலை உச்சிக்கு மாத்திக் கட்டித் தர்ற. உன் வைரத்தை எல்லாம் என் தோகையில பதிக்கிற. இல்லன்னா குட்டி எப்பப் பொறந்துச்சுன்னு அண்ணன்கிட்ட நான் சொல்லவேண்டி வரும்."

முயல் சரி என்றது. வேறு என்ன சொல்லும்.

கரண்ட் போனது. சிறுத்தை எழுந்து சுவரைப் பார்த்து நின்றது. இன்றைக்கு மாட்டேன் என்று சொன்னதை அதுவே மறந்துவிட்டது, சொர்ணம் வந்துவிட்டதல்லவா. அணைந்த திரை கண்ணாடி மாதிரி இருக்கும். மயில் எப்போதுமே அதில் ஒருமுறை தன்னைப் பார்த்துக்கொள்ளும். பின்னால் நிற்கும் முயல், "மயிலு, போதும், கிளம்பு" என்று சொல்லும், அதன் பிறகு கிளம்பும். அன்றைக்கும் பார்த்துக்கொண்டது. யாரும் கிளம்பச் சொல்லவில்லை. கொண்டையைச் சரிசெய்தது. தோகையை மேசைக்காலில் சிக்காமல் ஒரு பக்கமாக ஒதுக்கியது.

வெளியே தரை தட்டும் சத்தம் கேட்டது.

விதியில் முயல் தட்டியதும் என்றுதான் இருந்தது. மயில் போனதும் என்று எங்கேயும் இல்லை. சிறுத்தை விதிப்படி திரும்பியது.

முள்ளம்பன்றி அப்போதுதான் வாசலைத் தாண்டியிருந்தது. அது உள்ளே திரும்பிப் பார்க்கவில்லை. முள் இருப்பவர்கள் பல விஷயங்களைத் திரும்பிப் பார்க்க வேண்டியதில்லை.

மறுநாள் காலையில் மூன்று பேர் வந்தார்கள். முயல் பாஸ்வேர்ட் போட்டது, உலகம் விடிந்தது. சிறுத்தை வயிறு நிறைந்த மாதிரி மெதுவாக உட்கார்ந்தது. முதலில் ஆட்டைப் பார்க்கப் போகவில்லை. நேராக மயிலின் வீட்டுக்குப் போய், மயிலின் படுக்கைக்குப் பக்கத்தில் நின்றது. நின்றுகொண்டே இருந்தது.

என்ன அண்ணே செய்கிறீர்கள் என்று முயல் கேட்டது.

"எழுந்திருக்கும்ல. எழுந்ததும் மன்னிப்புக் கேக்கலாம்னு."

முள்ளம்பன்றி முதல்முறையாகச் சுவர் கட்டுவதை நிறுத்தியது. மத்தியானம் வரை சிறுத்தை அங்கேயே நின்றது. படுக்கைமேல் ஒரு கேரட் வைத்தது. மயில் எழவில்லை. சிறுத்தை மோவாயை மறுபடி மேசைமேல் வைத்துக்கொண்டு, முயலைப் பார்த்தது.

"நீதான சொர்ணத்தைக் கொண்டுவந்த. மயிலையும் கொண்டா."

"அண்ணே, அது வந்து..."

"முடியாதா? அப்ப சொர்ணத்தை எப்படிக் கொண்டுவந்த?"

கேள்வி சாதாரணமாகத்தான் வந்தது. ஆனால் வால் மறுபடி கதவுப் பக்கம் போய்க் கிடந்தது. முயல் அதைப் பார்த்தது. கொஞ்சம் நேரம் ஆகும், சுவரைப் பார்த்து நில்லுங்கள் என்றது. சிறுத்தை வாலை எடுத்துக்கொண்டு போய் நின்றது.

முயல் காட்டுக்குள் ஓடியது. ஓடையோரத்தில் ஒரு மயில் தண்ணீரில் தன்னைப் பார்த்துக்கொண்டிருந்தது. விளையாட வருகிறாயா என்று முயல் கேட்டது. எனக்கு என்ன கிடைக்கும் என்று மயில் கேட்டது. உனக்குச் சிலை தயாராக இருக்கிறது என்றது முயல்.

புது மயில் வந்து பழைய நாற்காலியில் உட்கார்ந்தது. திரையில் தன் சிலையைப் பார்த்தது. பாதி உலகத்தை அடைத்த தோகையைப் பார்த்தது. தன்னைப் பார்ப்பதற்கு முன்பே தனக்கு எப்படிச் சிலை வைத்தார்கள் என்று அது கேட்கவில்லை. யார் கட்டியது என்றும் கேட்கவில்லை. கொஞ்சம் சின்னதாக இருக்கிறது என்று மட்டும் சொன்னது.

சிறுத்தை திரும்பிப் பார்த்தது.

"அதே பேச்சு" என்றது. கண்ணைத் துடைத்துக்கொண்டு ஆட்டைப் பார்க்கப் போனது.

அன்று மாலை வெயில் இறங்கியது. சிறுத்தை சுவரைப் பார்த்து நின்றது. மயில் அணைந்த திரையில் தன்னைப் பார்த்துக்கொண்டது. "மயிலு, போதும், கிளம்பு" என்றது முயல். இப்போதைக்கு.

நீதி: பலசாலியோடு தாராளமாக விளையாடலாம். அவனுடைய ஆடு உன் மெஷினில் இருந்தால் நீ முயல். இல்லாவிட்டால் நீ மயில், காட்டில் மயிலுக்குப் பஞ்சமே இல்லை.