சோபா மாவட்டம்

ஆபீசில் அவருக்குக் கோட்டுக்காரர் என்று பெயர். நில அளவை ஆபீசில் உட்கார்ந்து மாவட்டங்களுக்கு எல்லைக்கோடு போடுவது அவர் வேலை. போன அரசு நாலு மாவட்டத்தை ஏழாக்கியது. இந்த அரசு ஏழை ஒன்பதாக்கப் போகிறது. யாருக்கு மாவட்டம் கூடினாலும் கழுத்து வலி கூடுவது அவருக்குத்தான். குனிந்து குனிந்து கோடு போட்ட அந்தக் கழுத்து நிமிர்வது உலகத்திலேயே ஒரே இடத்தில்: வீட்டு முன்னறை சோபாவில், விடுமுறை நாள் மத்தியானத்தில்.

இப்போது அந்த சோபாவுக்கே ஆபத்து வந்துவிட்டது. கண் ஆபரேஷன் முடிந்த மாமியார் ஒரு மாதம் தங்க வருகிறார். முன்னறையில்தான் காற்று வரும், அம்மா சோபாவிலேயே படுக்கட்டும் என்று மனைவி சொல்லிவிட்டாள்.

முடியாது என்று சொல்ல அவருக்கு வாய் வரவில்லை. மாமியார் நல்ல மனுஷி. ஆனால் கழுத்தும் சொந்தக் கழுத்தாயிற்றே. நாட்டையே கூறு போடுகிறவனுக்கு ஒரு வீட்டைக் கூறு போடத் தெரியாதா என்று வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஸ்கேலும் பென்சிலுமாக உட்கார்ந்துவிட்டார்.

"என்னங்க இது?"

"வீட்டு மேப். இனிமே இங்க ரெண்டு மாவட்டம். சமையலறை, படுக்கையறை, பாத்ரூம் எல்லாம் உனக்கு. எனக்கு முன்னறை மட்டும் போதும்."

"எதுக்கு திடீர்னு?"

"பெருசா இருந்தா நிர்வாகம் பண்றது கஷ்டம். சின்னதாப் பிரிச்சாதான் மக்களுக்கு நல்லது."

"இங்க மக்கள்னா யாரு?"

"அத அப்புறம் பாத்துக்கலாம். உங்கம்மா உன் மாவட்டத்துல சௌகரியமா இருக்கட்டும்."

அவள் மேப்பை இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்தாள். "வாசக்கதவு யாருக்கு?"

"முன்னறைலதான இருக்கு? எனக்குத்தான்."

"எல்லைக்குள்ள வர்றவங்கள யாரு கவனிக்கணும்?"

"அந்தந்த மாவட்டம்தான். அதான சட்டம்."

"அப்ப சரி," என்று கையெழுத்துப் போட்டுவிட்டாள்.

இருபது வருஷத்தில் அவள் எதற்கும் இவ்வளவு சீக்கிரம் சரி சொன்னதில்லை. அப்போதே அவருக்கு உறைத்திருக்க வேண்டும். எங்கே உறைத்தது?

சனிக்கிழமை காலை ஆறு மணிக்குக் காலிங் பெல் அடித்தது. பால்காரர். "உங்க எல்லைங்க," என்று படுக்கையறையிலிருந்து குரல் வந்தது. அப்புறம் பேப்பர், கேஸ் சிலிண்டர், குப்பை வண்டி. ஒரு கப் சர்க்கரை கேட்டு வந்த பக்கத்து வீட்டுக்காரியிடம், "அது அடுத்த மாவட்டம்ங்க," என்றார். அந்தம்மா அவரை ஒரு மாதிரி பார்த்துவிட்டுப் போனாள்.

பத்து மணிக்கு டாக்ஸி வந்து நின்றது. ஒரு கண்ணில் கட்டோடு மாமியார் இறங்கி உள்ளே வந்தார். மனைவி முன்னறைக்குள் கால் வைக்காமல் உள்வாசலிலேயே நின்றாள்.

"வாம்மா. நீ இவரு எல்லைக்குள்ள வந்துட்ட. இனி எல்லாம் இவரே பாத்துப்பாரு. ரெண்டு மணி நேரத்துக்கு ஒரு தரம் சொட்டு மருந்துங்க, மறந்துடாதீங்க."

"மாப்பிள்ளைக்கு எதுக்கும்மா சிரமம்? நான் கீழயே படுத்துக்கறேன்," என்று மாமியார் உட்காரப் போய்க் கையை நீட்டித் தரையைத் தடவினார். அதைப் பார்த்ததும் கோட்டுக்காரருக்கு மனசு கரைந்துவிட்டது. சே, என்ன மனுஷன் நான் என்று தன்னையே திட்டிக்கொண்டு, கையைப் பிடித்துக் கூட்டிப்போய்ச் சோபாவில் படுக்க வைத்தார். தன் தலையணையையும் கொடுத்தார்.

மூன்று மணிக்குள் மூன்று தரம் மருந்து, ஒன்பது தரம் கதவு. மேப்பைச் சுருட்டி எடுத்துக்கொண்டு சமையலறை வாசலில் போய் நின்றார்.

"பேசாம ரெண்டையும் இணைச்சிடலாமா?"

"தாராளமா. ஆமா, இணைச்சா சின்ன மாவட்டத்து அதிகாரி என்ன ஆவாரு?"

ஆபீஸ் விஷயத்தில் அவர் பொய் சொல்ல மாட்டார். "பதவி போயிடும். எங்க இடம் காலியோ அங்க மாத்திடுவாங்க."

அவள் ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டு, அதன் முன்னால் கத்தியையும் ஒரு கிலோ வெங்காயத்தையும் வைத்தாள்.

"இன்னிக்கே ஜாயின் பண்ணிக்கங்க."