கொட்டாவி கோதண்டத்தின் இடது கன்னம்

தமிழ்த் திரையுலகம் மனித குலத்துக்கு வழங்கிய மாபெரும் கொடை எது என்று கேட்டால் கதை என்பார்கள், பாட்டு என்பார்கள். விவரம் தெரியாதவர்கள். அந்தக் கொடை, கொட்டாவி கோதண்டத்தின் இடது கன்னம். புரொடக்‌ஷன் மேனேஜர் என்ற முறையில் அதைப் பல வருடம் கட்டிக்காத்தவன் நான்.

கோதண்டம் நாயகனின் நண்பனாக வருவார். அசட்டுத்தனமாக ஏதாவது சொல்வார். நாயகன் 'பளார்' என்று ஒன்று விடுவார். தியேட்டர் சிரிப்பில் அதிரும். மற்ற நடிகர்கள் கையைக் கன்னத்தருகே வீசுவதோடு சரி; சத்தத்தைப் பிறகு சேர்த்துக்கொள்வார்கள். எங்கள் 'அதிரடி வேந்தன்' வெற்றிவளவனுக்கு இந்த ஏமாற்று வேலை பிடிக்காது. அவர் 'இயல்பு நடிப்பு'க்காரர். காதல் காட்சியிலும் அழுகைக் காட்சியிலும் அந்த இயல்பு வராத குறையை இங்கே தீர்த்துக்கொள்வார்.

ஒருநாள் காது டாக்டர் கோதண்டத்திடம் சொல்லிவிட்டார்: இடது காது போனது போனதுதான், வலதையாவது காப்பாற்றிக்கொள். உடனே கேரவனில் 'உயர்மட்டக் குழு' கூடியது.

"ஒரே ஒரு வேண்டுகோள் சார்," என்றார் கோதண்டம். வேந்தனைவிடப் பத்து வயது மூத்தவர், கைகட்டி நின்றார். "இனிமே அடிக்கிற மாதிரி நடிச்சாப் போதும் சார்."

வேந்தனின் முகம் வாடியது. "நடிக்கணுமா? நானா? இத்தனை படத்துல ஒரு டைரக்டர்கூட என்னை அப்படிக் கேட்டதில்லண்ணே!"

டைரக்டர் தலையைக் குனிந்துகொண்டார். உண்மைதான்.

"அப்ப வலது கன்னத்துல அடிச்சா?" என்றேன் நான்.

தயாரிப்பாளர் சண்முகவடிவேலு பதறிப்போனார். "யோவ், மனுஷனாய்யா நீ? இருக்கிறது ஒரு காது. அதுலயா கை வைக்கச் சொல்றே? போன காதுப் பக்கமே அடிப்போம். இனிமே அங்க போறதுக்கு என்ன இருக்கு?"

அந்தக் கருணையில் எனக்குக் கண் கலங்கிவிட்டது.

"தலை ஒண்ணுதானே முதலாளி," என்றார் கோதண்டம். "அங்க அடிச்சா இங்கயும் கொய்யுன்னு கேக்குது."

"கேக்குதுல்ல? அப்பக் காது நல்லாத்தானேய்யா இருக்கு!"

தீர்மானம் ஏகமனதாக நிறைவேறியது.

மறுநாள் டீக்கடை செட். வேந்தன் கையை ஓங்கினார். அப்போது கோதண்டம் கலையுலகம் காணாத துரோகம் ஒன்றைச் செய்தார். குனிந்துவிட்டார். வேந்தனின் கை காற்றில் போக, கையோடு உடம்பும் போக, பஜ்ஜி மாவு அண்டாவில் தலைகுப்புற விழுந்தார். மேலே நின்ற லைட்மேன் முதல் பாத்திரம் கழுவும் அம்மா வரை வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். வேந்தனைப் பார்த்து யூனிட் சிரித்தது அதுதான் முதல் தடவை. அதாவது, அவருக்குத் தெரியும்படி.

"ஏன்யா குனிஞ்சே?" என்று அதட்டினேன்.

"பேத்தி இப்பத்தான் பேச ஆரம்பிச்சிருக்கா சார். திடீர்னு அந்த ஞாபகம் வந்திருச்சு."

குடும்ப விஷயத்தை இப்படியா தொழிலில் கலப்பது? அன்றே கணக்கை முடித்து அனுப்பினோம்.

ஆனாலும் அவரைக் கைவிடவில்லை. 'வழியனுப்பு விழா' எடுத்தோம். வேந்தன் சால்வை போர்த்தி, அவருடைய இடது காதருகே குனிந்து, நெடுநேரம் மன்னிப்புக் கேட்டார். பத்திரிகைகளில் படம் வந்தது.

"என்னய்யா சொன்னாரு?" என்று கோதண்டத்திடம் விசாரித்தேன்.

"யாருக்குத் தெரியும்? நான் அவர் கையைத்தான் பாத்துக்கிட்டிருந்தேன்."

கலை நின்றுவிடக்கூடாது அல்லவா? அவர் இடத்துக்கு ஒரு புதுமுகத்தைப் பிடித்துவிட்டோம். நடிப்பு வருமா என்று நாங்கள் கேட்கவில்லை. கம்பெனி செலவிலேயே காது டாக்டரிடம் அனுப்பிப் பார்த்தோம். இரண்டிலும் பழுதில்லை. நிதானமாக அடித்தால், இரண்டும் சேர்ந்து ஒரு பத்து வருடம் உங்களைச் சிரிக்க வைக்கும்.