மன்னிப்புக்குப் போட்ட நாற்காலி

பாராமரிபோ, சுரிநாம், டிசம்பர் 20

என்மேல் கோபம் குறையாத தங்கை ஹெர்மினுக்கு,

அண்ணன் வால்டெமர் எழுதுவது. இங்கே நானும் உன் அண்ணி ஜோசெட்டும் மாமரமும் சுகம். ராட்டர்டாமில் நீயும் சுகமாயிருக்க ஆண்டவரை வேண்டுகிறேன். பதினோரு வருஷம் கழித்து நலம் விசாரிக்க வந்துவிட்டான் என்று பல்லைக் கடிக்காதே, கடைசி வரை படி.

நேற்று நெதர்லாந்து அரசாங்கம், நம் முன்னோரை அடிமைகளாக வைத்திருந்ததற்கு மன்னிப்புக் கேட்டதை நீயும் டி.வி.யில் பார்த்திருப்பாய். நம் வழக்கம் உனக்குத் தெரியும்: தப்புச் செய்தவன் வீட்டுக்கு வந்து, நின்று, முகத்தைப் பார்த்துச் சொல்ல வேண்டும், அப்புறம்தான் அவனுக்கு நாற்காலியும் இஞ்சிப் பானமும். இவர்களோ கடலுக்கு அந்தப் பக்கமே நின்றுகொண்டார்கள். போகட்டும், நம் மரியாதை நமக்கு என்று நான் கோட்டு மாட்டிக்கொண்டு, டி.வி.க்கு எதிரே ஒரு காலி நாற்காலி போட்டு, இஞ்சிப் பானமும் ஊற்றி வைத்தேன். ஜோசெட் என்னடாவென்றால், மடிப்பிலேயே சேதி சொல்லுகிற நம் பெண்கள் வழக்கப்படி, கஞ்சி போட்ட தலைத்துணியை 'பேசுறவங்க பேசட்டும்' என்கிற மடிப்பில் கட்டிக்கொண்டு வந்து உட்கார்ந்தாள். (நான் பேசும்போதும் வீட்டில் அதே மடிப்புதான்.) பிரதமர் நிதானமாகப் படித்துக்கொண்டே வந்து, அந்த வார்த்தைக்காக வாயைத் திறக்கிறார், பட்டென்று கரண்டு போய்விட்டது!

"சொல்லிட்டாரா?" என்று தெருவே கத்துகிறது. அடுத்த தெருவில் கரண்டு இருந்தது. அங்கிருந்து மீன்காரர் ஃபெலிக்ஸ், "சொல்லிட்டாருப்பா, நல்லாத்தான் சொன்னாரு!" என்று குரல் கொடுத்தார். நூற்றைம்பது வருஷம் காத்திருந்த மன்னிப்பை மீன்காரர் வாயால் கேட்கணும்னு என் தலையெழுத்தைப் பார்! எனக்கு வந்ததே கோபம். "இது ஒரு மன்னிப்பா? காகிதத்தைப் பார்த்தா படிக்கிறது? நேர்ல வர வேணாமா? எடுத்துட்டுப் போனதைத் திருப்பித் தர வேணாமா?" என்று அந்தக் காலி நாற்காலியைப் பிடித்துக் காய்ச்சினேன்.

ஜோசெட் இஞ்சிப் பானத்தை எடுத்துக் குடித்துக்கொண்டே, "இதுல ஹெர்மின்கிட்ட எதைச் செஞ்சீங்க?" என்றாள்.

"அது வேற விஷயம்."

"என்ன வேற? உங்க அம்மா தலைத்துணியை அவளுக்குன்னு மடிப்புக் கலையாம வச்சிருந்தாங்க. நீங்க அதைத் தூக்கி எவனோ ஒரு மியூசியத்து வெள்ளைக்காரன்கிட்டக் கொடுத்தீங்க. இப்ப அவ டிக்கெட் வாங்கிட்டு உள்ள போய்த் தன் அம்மா துணியைக் கண்ணாடி வழியாப் பாக்குறா. கீழ என்ன எழுதியிருக்கு? 'பெயர் தெரியாத பெண்ணுடையது'. பெத்த தாய்க்குப் பேர் இல்லாமப் பண்ணிட்டு உக்காந்திருக்கீங்க!"

ஆகவே, தங்கையே, முறைப்படி தெரிவிப்பது என்னவென்றால், அந்த நிகழ்வு மிகவும் வருத்தத்துக்குரியது. ஆனால் அந்தக் காலத்தில் எல்லோரும்தான் கொடுத்தார்கள். அந்த மனிதர் என்னைப் பண்பாடு தெரிந்தவர் என்று வேறு சொல்லிவிட்டார், நான் என்ன செய்ய? தவிர, கண்ணாடிப் பெட்டியில் பூச்சி அரிக்காது; உன் அலமாரியைப் பற்றி நான் ஒன்றும் சொல்லவில்லை. இத்துடன் விஷயம் முடிந்ததாகக் கருதி, ஜூலையில் என் எழுபத்தைந்தாவது பிறந்தநாளுக்கு வந்து சேரவும். விருந்துக்கு நீதான் கோழிக்கறி வைத்துப் போம் சுட வேண்டும். ஜோசெட் சுடுகிற போமை வாயில் வைக்க முடியாது.

ஆண்டவர் உன்னையும் உன் முழங்காலையும் காப்பாராக.

இப்படிக்கு, உன் அண்ணன்
வால்டெமர் பிராஃப்ஹைட்

பி.கு. (ராட்டர்டாம், உன் வாசல்): ஜோசெட் இதைப் படித்துவிட்டாள். "'மன்னிச்சிரு'ங்கிற வார்த்தையைத் தேடித் தேடிப் பாக்குறேன், அங்கயும் கரண்டு போச்சு போல" என்றாள். போம் வரியையும் படித்துவிட்டாள். அதனால் தபாலில் போடாமல் நானே விமானம் ஏறினேன். முதலில் அருங்காட்சியகத்துக்குப் போய் 'யோஹன்னா பிராஃப்ஹைட்' என்று அம்மா பெயரை எழுதிக் கொடுத்தேன், பரிசீலிப்பதாகச் சொன்னார்கள். மேலே உள்ளதையெல்லாம் கிழித்துப் போடு. இதை உன் கதவுத் துவாரத்தில் போட்டவன் மழையில்தான் நிற்கிறான், இனி அவன் கையில் காகிதம் எதுவும் இல்லை. கதவைத் திற, ஹெர்மின். நாற்காலி வேண்டாம்.