ஏழாம் பக்கத்தின் பாவசங்கீர்த்தனம்

"சாமி, நான் பாவி. என்னை ஆசீர்வதியும். கடைசியா நான் பாவசங்கீர்த்தனம் செய்து..."

மரத்தட்டியின் ஓட்டைகளுக்கு அந்தப்பக்கம் நாற்காலி கிறீச்சிட்டது.

"யாரு, ஏழாம் பக்கமா?"

முழங்கால் போட்டிருந்தவருக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஆள் மறைந்திருந்தாலும் குரல் காட்டிக்கொடுத்துவிட்டது.

மறைமாவட்டத்தின் வாரப் பத்திரிகைக்கு ஆசிரியர் அவர். இளவயதில் ஒரு நாளிதழில் சமயச் செய்திகள் எழுதிக்கொண்டிருந்தவரை மறைமாவட்டத் தலைவரான ஆயரே அழைத்து வந்து இந்த நாற்காலியில் உட்கார வைத்தார். எட்டுப் பக்கப் பத்திரிகையில் ஏழாவது பக்கம் அவர் சொந்தக் கைவண்ணம். எந்தக் கோயிலில் பிரசங்கம் இழுவை, எந்தப் பாடகர் குழு ஆளுக்கொரு சுருதியில் பாடுகிறது, எங்கே ஒலிபெருக்கி பூசை முழுக்க இருமுகிறது, எல்லாம் அதில் வந்துவிடும். சாமியார்கள் பத்திரிகையைப் பின்னாலிருந்துதான் பிரிப்பார்கள். அவர் பொய் எழுதமாட்டார். தொல்லையே அதுதான்.

"சரி, தெரிஞ்சுதானே வந்திருக்கீங்க," என்றார் அந்தக் கோயிலின் பங்குச் சாமியார், உடைந்த குரலில். "மூணு வாரமா நான் பண்ணின பிரசங்கம் என்னோடது இல்ல. உங்க தலையங்கத்தைத்தான் அப்படியே ஒப்பிச்சேன். அதுக்காக இப்படியா மண்டி போட்டு உளவு பாக்கறது? நேரா கேட்டிருக்கலாமே!"

"ஐயோ, எனக்கு அது தெரியவே தெரியாது சாமி! நான் என் பாவத்தைச் சொல்ல வந்தேன்."

"நீங்களாவது, பாவமாவது! யார்கிட்ட சார் காது குத்தறீங்க?"

தட்டிக்கதவு படாரென்று மூடிக்கொண்டது. தன் தலையங்கம் பிரசங்கமாகவே ஆகிவிட்டதா என்று ஆசிரியருக்கு உள்ளூரக் குளிர்ந்தது. பழைய பாவங்களோடு தற்பெருமை ஒன்று கூடியதுதான் மிச்சம்.

வீட்டில் மனைவி வாசலிலேயே பிடித்துக்கொண்டாள்.

"முடிஞ்சுதா?"

"சாமியாருக்கு முடிஞ்சுது. எனக்கு முடியல."

"விளையாடாதீங்க. ஞாயித்துக்கிழமை ஞானஸ்நானம். பாவசங்கீர்த்தனம் பண்ணாம என் தம்பி பிள்ளையை நீங்க கையில வாங்கக்கூடாது. சொல்லிட்டேன்."

அதுதான் விஷயம். இவர்களுக்குப் பிள்ளை இல்லை. மைத்துனனுக்கும் இல்லை என்றே எல்லாரும் நினைத்திருந்தபோது, போன மாதம் ஒரு பெண் குழந்தை பிறந்தது. "மாமா, நீங்கதான் ஞானத்தந்தை," என்று அவன் சொன்ன அன்று ஆசிரியர் குளியலறைக்குள் போய்க் குழாயைத் திறந்துவிட்டுக்கொண்டு அழுதார். ஞானஸ்நானத்தின்போது அந்தக் குழந்தையை ஏந்திக்கொண்டு நிற்க வேண்டும், அவ்வளவுதான் அவருக்கு வேண்டியது. பாவசங்கீர்த்தனத்துக்கு அவர் வழக்கமாகப் போய்க்கொண்டிருந்தது காது மந்தமான ஒரு கிழட்டுச் சாமியாரிடம். அவர் பரலோகம் போன பிறகு இவருக்குப் போக்கிடமே இல்லாமல் போய்விட்டது.

மறுநாள் ஆற்றுக்கு அக்கரையிலுள்ள கோயிலுக்குப் போனார். கைக்குட்டையை வாயில் பொத்தி, ஜலதோஷம் பிடித்தவர்போல் மூக்கால் பேசினார்.

"சாமி, நான் பாவி..."

"வாங்க சார்," என்றார் உள்ளேயிருந்தவர். "நேத்தே போன் வந்துடுச்சு. நானே சொல்லிடறேன். மழை நாள்ல காலைப் பூசைக்கு யாரும் வரமாட்டாங்கன்னு கதவைச் சாத்திட்டுத் தூங்கிட்டேன். ஒரு தடவை இல்ல, பல தடவை. எழுதறதுன்னா, உடம்பு சரியில்லாதவன்னு ஒரு வார்த்தை சேத்துக்கோங்க."

"என்னைக் கொஞ்சம் பேச விடுங்களேன் சாமி!"

"வேற யார் பேரும் என் வாயிலேருந்து வராது சார்!"

வீடு திரும்பியவரைப் பார்த்து மனைவி தலையில் அடித்துக்கொண்டாள்.

"அவங்க சொன்னதையெல்லாம் பத்திரிகையில போடப்போறீங்களா?"

"அடியே, அங்க கேட்டதை எவனாவது போடுவானா? செத்தாலும் வெளிய வராது."

"அதை என்கிட்ட சொல்லி என்ன? அவங்களுக்குத் தெரியற மாதிரி சொல்லுங்க."

நல்ல யோசனையாகத்தான் பட்டது. அந்த வாரமே கட்டம் கட்டி ஓர் அறிவிப்பு எழுதினார்: 'ஆசிரியர் தம் ஆன்ம நலனுக்காக மட்டுமே கோயில்களுக்குச் சென்று வருகிறார். குருக்களைப் பற்றி எந்த விசாரணையும் நடைபெறவில்லை.'

பிழை திருத்தும் அம்மாள் அதைப் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினாள்.

"சார், இதைப் போடணுமா?"

"ஏன், என்ன பிழை?"

"பிழையெல்லாம் இல்ல. மறுப்பு வந்தா செய்தி உறுதின்னு நீங்கதானே எங்களுக்கெல்லாம் சொல்லிக் குடுத்தீங்க?"

"அது அரசியல்வாதிக்கு. சாமியார்களுக்கு இல்ல. போடுங்க."

பத்திரிகை வெளிவந்ததும் கூத்து ஆரம்பித்தது. மூன்றாவது கோயிலில் பாவசங்கீர்த்தனம் கேட்கும் மரக்கூண்டில் 'சாமியார் வெளியூர்' என்று அட்டை தொங்கியது. திரைக்குக் கீழே இரண்டு செருப்புகள் தெரிந்தன. செருப்புக்குள் கால்களும் இருந்தன. ஆசிரியர் தொண்டையைச் செருமினார். கால்கள் மெல்ல மேலே போயின.

வீட்டுத் தொலைபேசி ஓயவில்லை. ஒரு சாமியார் பாடகர் குழுவோடு போட்ட சண்டையைச் சொன்னார். இன்னொருவர், பக்கத்துப் பங்குக் கோயில் விழாவன்று மழை பெய்ய வேண்டுமென்று ஜெபித்ததை ஒப்புக்கொண்டார். எடுத்துப் பேசிய மனைவியிடமே ஒருவர் எல்லாவற்றையும் கொட்டிவிட்டார்.

"நல்லா இருக்கு! ஊர்ச் சாமியார் எல்லாரும் நம்ம வீட்டுல பாவசங்கீர்த்தனம் பண்ணறாங்க. நீங்க ஒருத்தர்தான் பாக்கி," என்றாள் அவள்.

சனிக்கிழமை காலை ஆயர் இல்லத்திலிருந்து அழைப்பு வந்தது. உடனே வர வேண்டும் என்றார்கள். காரணம் சொல்லவில்லை.

ஆசிரியர் சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பினார். வேலை போனால் போகிறது, எழுதப் பேனா இருக்கிறது. ஆனால் பாவசங்கீர்த்தனம் இன்னும் ஆகவில்லை; நாளைக்குக் குழந்தையை வேறு யாரோ வாங்கிக்கொள்வார்கள், இவர் கூட்டத்தோடு கூட்டமாக நின்று பார்க்க வேண்டும்.

ஆயர் இல்லத்துத் தாழ்வாரத்தில் நீளப் பெஞ்சு முழுக்கச் சாமியார்கள். தலையங்கத்தை ஒப்பித்தவர், மழையில் தூங்கியவர், வெளியூர் போகாதவர், எல்லாரும் இருந்தார்கள். இவரைக் கண்டதும் அத்தனை பேரும் தரையைப் பார்த்தார்கள். ஒருவர் உள்ளே போக, ஒருவர் வெளியே வந்தார். வந்தவர் கண்ணைத் துடைத்துக்கொண்டே போனார்.

வரிசையாகப் புகார் கொடுக்கிறார்கள்! ஆசிரியர் முற்றத்தில் கார் கழுவிக்கொண்டிருந்த ஆயரின் டிரைவரிடம் போய் நின்றார்.

"தம்பி, உண்மையைச் சொல்லிடு. என்மேல எத்தனை புகார்?"

டிரைவர் விழித்தான்.

"புகாரா? எல்லாரும் பாவசங்கீர்த்தனம் பண்ண வந்திருக்காங்க சார். ஆயர் ஏழாம் பக்கத்துல படிக்கறதுக்கு முன்னாடி நாமே சொல்லிடலாம்னு ஓடி வந்திருக்காங்க. ஆயர் கூப்பிட்டுக் கூப்பிட்டும் வராதவங்க சார் இவங்கெல்லாம்!"

ஆசிரியர் பக்கத்திலிருந்த திண்டில் தொப்பென்று உட்கார்ந்தார். சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை.

"அப்போ என்னை எதுக்குப்பா வரச்சொன்னாங்க? என் பாவசங்கீர்த்தனத்தை யாரு கேக்கறது?"

"ஆயரே கேக்கறாராம் சார், கடைசி ஆளா. ஆனா இன்னும் நாலு சாமியார் வரலையாம், அதுவரைக்கும் அவங்க கண்ணுல படற மாதிரி கொஞ்சம் ரோட்டுப் பக்கமாப் போய் நிக்கச் சொன்னாரு."