மிஸ்டர் ஆல் முனி

"வேண்டாம்" என்ற சொல்லை நேரத்துக்குச் சொல்லத் தெரியாதவன் நான். வீட்டுக்குப் போய், கைகால் கழுவி, தேத்தண்ணி குடித்து முடித்த பிறகுதான் அது வாய்க்கு வரும். அதற்குள் யாரிடம் சொல்ல வேண்டுமோ அவர் கையெழுத்து வாங்கிக்கொண்டு போயிருப்பார். ("அதனாலதான என்னையே கட்டிக்கிட்டீங்க" என்பாள் என் மனைவி சரோஜா. அதற்கும் இன்னும் பதில் சொல்லவில்லை.)

எனக்குக் கிரெடிட் கார்டு வந்ததும் அப்படித்தான். தொண்ணூறுகளில் பினாங்குத் தீவில், பாயான் லெப்பாசில் ஒரு தொழிற்சாலையில் ஸ்டோர் கிராணியாக, அதாவது குமாஸ்தாவாக, இருந்தேன். ஒருநாள் பசியாறும் நேரத்தில் பேங்க்காரர்கள் கேண்டீன் வாசலில் மேசை போட்டு உட்கார்ந்தார்கள். விவரம் தெரிந்தவர்கள் பின்பக்கக் கதவால் நழுவினார்கள். நான் நேராகப் போய் மாட்டினேன். கார்டு தபாலில் வந்தது. அதை வைத்து ஒரு காசுக்கும் நான் எதுவும் வாங்கவில்லை. ஆனால் பேங்க் கொடுத்ததை வீட்டில் போட்டு வைத்தால் குற்றமோ என்று பயந்து, பர்சிலேயே வைத்துக்கொண்டு திரிந்தேன்.

அந்தப் பயம்தான் எனக்கு வினையாக வந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை கொம்தார் கடைத்தொகுதியில் சரோஜா செருப்புக் கடைக்குள் போயிருந்தாள். நான் வெளியே நின்றேன். ஒரு சீனப் பெண் சிரித்துக்கொண்டே வந்து, "அபாங், ப்ரீ லா! தா பாயா பாயார்!" என்றாள். (அண்ணே, சும்மாதான், காசே கட்ட வேண்டாமாம்.) எதற்கு என்று கேட்கக் கூச்சமாக இருந்தது. கார்டு இருக்கிறதா என்று கேட்டு, வாங்கிப் பார்த்துப் பெயரையும் நம்பரையும் எழுதிக்கொண்டாள். விலாசம் கேட்டாள், சொன்னேன். கையெழுத்து கேட்டாள், போட்டேன். கையில் ஒரு பெரிய பச்சைக் குடையைக் கொடுத்துவிட்டு அடுத்த ஆளைப் பிடிக்க ஓடினாள்.

"ஏது குடை?" என்றாள் சரோஜா.

"சும்மா கொடுத்தாங்க."

"நல்லா இருக்கே, மூணு பேரு நிக்கலாம்!"

அதோடு அந்தப் பெண்ணை மறந்துவிட்டேன். குடையை மட்டும் மழை வந்தபோதெல்லாம் பிடித்தேன்.

அப்போது நாங்கள் ஜெலுத்தோங்கில் சரோஜாவின் அண்ணன் வீட்டு மாடியில் குடியிருந்தோம். மச்சான் துறைமுகத்தில் தலைமைக் கிராணி. கப்பலோடு பேசிப் பேசி வளர்ந்த குரல். "மாப்ளே, மேல யாரு இவ்வளவு நேரமா குளிக்கிறது?" என்று கீழேயிருந்து அவர் கேட்டால், பக்கத்து வீட்டில் குளிப்பவரும் தண்ணீரை நிறுத்துவார். சரோஜாவுக்கு ஒரே ஆசைதான். சொந்தமாக ஒரு கதவு, அதற்கு ஒரு சாவி. ஆயர் ஈத்தாமில் ஒரு சின்ன பிளாட் பார்த்து முன்பணம் கட்டினோம். கார்டு கொடுத்த அதே பேங்கில் வீட்டுக் கடனுக்கு எழுதிப்போட்டோம். ஜாமீன் கையெழுத்து மச்சான்.

"என் பேரு மட்டும் கெட்டுச்சு, மாப்ளே," என்றார் அவர், "நீங்க இந்தத் தீவையே விட்டு, பாலத்தைத் தாண்டிப் போயிடணும். திரும்பி இந்தப் பக்கம் வரக்கூடாது."

இந்த நேரத்தில்தான் கார்டின் முதல் கணக்கு வந்தது. ஒரே ஒரு வரி. "எச்.ஜி. கிளப், ஹாங்காங்." பக்கத்தில் இருபத்தெட்டு வெள்ளி.

திரும்பத் திரும்பப் படித்தேன். ஹாங்காங்கை நான் வரைபடத்தில்தான் பார்த்திருக்கிறேன். கிளப் என்றால் எனக்குத் தெரிந்தது ஒன்றுதான். கறுப்புக் கண்ணாடிக் கதவு, உள்ளே சிவப்பு விளக்கு. பினாங்கில் அப்படி ஒரு வாசலைக் கடக்கும்போது மோட்டார் சைக்கிளை வேகமாக ஓட்டுகிறவன் நான். பேங்கில் போய்க் கேட்கலாம். கேட்டால் விஷயம் வெளியே வரும். வந்தால் கடன் போகும், மச்சான் பேர் போகும், சரோஜாவின் சாவி போகும். ஆகவே ஒரு ஆண்பிள்ளை செய்ய வேண்டியதைச் செய்தேன். சத்தமில்லாமல் காசைக் கட்டிவிட்டு, அந்தக் காகிதத்தை மோட்டார் சைக்கிள் சீட்டுக்கு அடியில் ஒளித்து வைத்தேன்.

அடுத்த மாதமும் வந்தது. கட்டினேன். அதற்கடுத்த மாதமும். சீட்டு லேசாக உயர்ந்ததுபோல் எனக்கே தோன்றியது. தபால்காரரின் மணிச் சத்தம் கேட்டாலே மாடியிலிருந்து ஓடி இறங்குவேன். அவர் என்னைப் பார்த்துச் சிரித்தால், ஏன் சிரிக்கிறார் என்று அன்றைக்கெல்லாம் யோசிப்பேன்.

இதே சமயத்தில் எங்கள் வீட்டு விலாசத்துக்கு வேறொரு தொல்லையும் வந்துகொண்டிருந்தது. ஆங்கிலத்தில் "மிஸ்டர் ஆல் முனி" என்று பெயர் அச்சடித்த கடுதாசிகள். சில நாள் தடியான உறைகள். முன்பு அங்கே குடியிருந்த யாரோ அரபுக்காரர் என்று நினைத்தேன். அடுத்தவர் கடுதாசியைப் பிரிப்பது பாவம். உறை மேலே மலாயில் "இப்படி ஒருவர் இங்கே இல்லை" என்று அழகாக எழுதி, திரும்பவும் தபால் பெட்டியில் போட்டுவிடுவேன். இந்த நேர்மை எனக்கே பெருமையாக இருந்தது.

ஒருநாள் சரோஜா பார்த்துவிட்டாள்.

"யாருங்க இது, ஆல் முனி?"

"யாரோ. நம்ம ஆள் இல்ல."

"ஆலமரத்து முனியா? அதுக்கு யாரு கடுதாசி போடுறா? விலாசம் நம்மளுதா இருக்கே!" என்று சிரித்தாள். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு, "வேணாங்க, முனி பேரை வச்சுச் சிரிக்கக்கூடாது" என்று கன்னத்தில் போட்டுக்கொண்டாள்.

நான் உறையைத் திருப்பினேன். மூலையில் சின்ன எழுத்தில் அனுப்பியவர் விலாசம். எச்.ஜி. கிளப், ஹாங்காங்.

எல்லாம் ஒரே நொடியில் விளங்கியது. ஆல் முனி என்று ஒருவன் இருக்கிறான். என் கார்டு நம்பர் அவனிடம் இருக்கிறது. என் வீட்டு விலாசத்தைக் கொடுத்துவிட்டு, ஹாங்காங் கிளப்பில் உட்கார்ந்து மாதாமாதம் கூத்தடிக்கிறான். விலாசம் தெரிந்தவன் ஒருநாள் வாசலுக்கும் வருவான்.

அன்றிலிருந்து என் மனக்கண்ணில் ஆல் முனி வளர ஆரம்பித்தான். முதலில் தங்கச் சங்கிலி போட்டான். அப்புறம் மீசை வைத்தான். கப்பலில் வந்து இறங்கி, பஸ் பிடித்து ஜெலுத்தோங் சந்தையில் இறங்கி என் வீட்டுக்கு வழி கேட்டான். முன் கேட்டுக்குப் புதுப்பூட்டு வாங்கிப் போட்டேன். சாயங்காலம் வேலை முடிந்து வந்த மச்சான் வெளியே மாட்டிக்கொண்டார்.

"டேய், யார்ரா என் வீட்டுக்குப் பூட்டுப் போட்டது!"

"திருட்டு ஜாஸ்தியா இருக்கு மச்சான்" என்றேன், சாவியைத் தேடியபடி.

"திருடுறதுக்கு என்னா இருக்கு லா உள்ள? உங்களயா தூக்கிட்டுப் போவப் போறான்?"

அந்தச் சாத்தியத்தைத்தான் நானும் யோசித்துக்கொண்டிருந்தேன்.

பேங்கிலிருந்து அழைப்பு வந்தது. வெள்ளிக்கிழமை மூன்று பேரும் வந்து கடன் பத்திரத்தில் கையெழுத்துப் போட வேண்டும். அன்று நல்ல மழை. பேங்க் இருந்த லெபோ பந்தாய் தெருவில் மச்சான் தன் கெரேட்டாவை, அதாவது காரை, நிறுத்த இடம் கிடைக்காமல் எங்கேயோ தூரத்தில் நிறுத்தினார். பச்சைக் குடைக்குள் மூன்று பேரும் ஒட்டிக்கொண்டு தெரு முழுக்க நடந்தோம். குடையை விரித்தபடியே பேங்க் வாசலில் காயவைத்துவிட்டு உள்ளே போனோம். என் சட்டைக்குள் ஆல் முனியின் கடைசி உறை இருந்தது. தனியாக ஒரு நிமிடம் கிடைத்தால் அதிகாரியிடம் கொடுத்துவிடலாம் என்று திட்டம்.

அதிகாரி மாலதி என்ற இளம்பெண். காகிதங்களைப் புரட்டினார்.

"எல்லாம் ஓகே, அண்ணே. ஒண்ணே ஒண்ணு. உங்க கார்டுல மாசாமாசம் ஹாங்காங் கிளப்புக்குக் காசு போவுது. இது தொடர்ந்து போகுமா? உங்க செலவுக் கணக்குல சேக்கணும், அதான்."

"என்னா கிளப்பு?" என்றார் மச்சான். பேங்கில் வரிசையில் நின்ற எல்லோரும் திரும்பினார்கள்.

சரோஜா கைப்பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். அது எழுந்து போவதற்கு முந்தின நிலை என்று எனக்குத் தெரியும்.

நான் எழுந்து நின்றுவிட்டேன். "நான் இல்ல, மிஸ்! ஆல் முனி!"

"யாரு?"

"ஆல் முனி. என் கார்டை வச்சு அவன்தான் ஆட்டம் போடுறான். எங்க வீட்டு அட்ரஸ்லதான் இருக்கான்!"

"என் வீட்லயா?" என்றார் மச்சான். "மேலயா, கீழயா?"

சட்டைக்குள்ளிருந்து உறையை எடுத்து நீட்டினேன். மாலதி பிரித்தார். ("மிஸ், அது அடுத்தவங்க கடுதாசி" என்று நான் தடுத்ததையும் சொல்லியாக வேண்டும்.) வாசித்துத் தமிழில் சொன்னார்.

"அன்புள்ள ஆல், உங்க தோட்டம் எப்படி இருக்கு? உங்க இலவச மாசம் எப்பவோ முடிஞ்சிருச்சு. வேணாம்னா ஒரு வரி எழுதிப் போடுங்க. எழுதலன்னா வேணும்னு எடுத்துக்குவோம்."

என் வாழ்க்கை வரலாற்றை ஒருவர் மூன்று வரியில் எழுதி ஹாங்காங்கிலிருந்து அனுப்பியிருந்தார்.

"இது தோட்டப் புத்தகம், அண்ணே. ஹேப்பி கார்டன் கிளப். உங்களுக்கும் அவங்களுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லயா?"

"சத்தியமா இல்ல, மிஸ். பேரையே இப்பத்தான் கேக்குறேன்."

மாலதி வாசல் பக்கம் பார்த்தார். நாங்களும் பார்த்தோம். விரித்து வைத்த பச்சைக் குடையைச் சுற்றி, வெள்ளை எழுத்தில், ஒரு சாண் உயரத்துக்கு "ஹேப்பி கார்டன் கிளப்" என்று எழுதியிருந்தது. குடைக்குக் கீழே நிற்கிறவனுக்கு மேலே என்ன எழுதியிருக்கிறது என்று தெரியாது. எனக்குத் தெரியவில்லை. இத்தனை மாதமாக ஜெலுத்தோங் முழுவதற்கும் தெரிந்திருக்கிறது.

"அப்ப ஆல் முனி?" என்றேன், கடைசிக் கிளையைப் பிடித்துத் தொங்குகிறவன்போல.

மாலதி என் கார்டை உறைக்குப் பக்கத்தில் வைத்தார். "ஐ.சி. அடையாள அட்டையில உங்க பேரு என்னா, அண்ணே?"

"இரத்தினம் ஏ எல் முனி சாமி."

சொல்லும்போதே எனக்கு விளங்கிவிட்டது. வெளியூர் வாசகர்களுக்காகச் சொல்கிறேன். எங்கள் நாட்டில் தமிழர் பெயருக்கும் அப்பா பெயருக்கும் நடுவில் 'ஏ', 'எல்' என்ற இரண்டு எழுத்தைப் போடுவார்கள். 'அனாக் லெலாக்கி', அதாவது மகன் என்று அர்த்தம். முனுசாமி என்ற என் அப்பாவின் பெயரைப் பதிந்த கிராணி அதை முனி, சாமி என்று இரண்டாக வெட்டியிருந்தார். ஹாங்காங் கம்ப்யூட்டருக்கு இதெல்லாம் எப்படித் தெரியும்? அது முன்னால் இருந்த இரத்தினத்தையும் பின்னால் இருந்த சாமியையும் விட்டுவிட்டது. ஏ எல்லைச் சேர்த்து ஆல் ஆக்கி, மீதியிருந்த முனியோடு ஒட்டிவிட்டது.

"அண்ணே," என்றார் மாலதி, உதட்டைக் கடித்துக்கொண்டு, "அந்த ஆல் நீங்கதான்."

மச்சான் சிரித்த சிரிப்பில் காவலாளி உள்ளே எட்டிப் பார்த்தார். "மாப்ளே, உங்களுக்குப் பயந்தா என் வீட்டுக்குப் பூட்டுப் போட்டீங்க!"

சரோஜா சிரிக்கவில்லை. "கிளப்புக்குப் போற தைரியம் இவருக்கு எங்க இருக்கு, மிஸ்? எழுதிப் போட்டு நிறுத்திடுறோம்," என்று சொல்லி, கைப்பையைக் கீழே வைத்தாள். "கையெழுத்து எங்க போடணும்?"

முதல் கையெழுத்து அவளுடையது. என்னைக் கோழை என்று சொல்லி ஒருவர் காப்பாற்றியதும் அதுதான் முதல் தடவை.

"வேண்டாம்" என்ற கடிதத்தை மாலதியே ஆங்கிலத்தில் எழுதிக்கொடுத்தார். பதில் போட வசதியாகப் புது வீட்டு விலாசத்தைப் போட்டோம். ஆயர் ஈத்தாம் பிளாட்டில் சரோஜா தன் சாவியால் தன் கதவைத் திறந்து, பால் காய்ச்சிய வாரம், அந்த வீட்டுக்கு முதல் தபால் வந்தது. "அன்புள்ள ஆல், நீங்கள் விலகுவதில் எங்களுக்கு வருத்தம்." புது வீட்டில் எனக்கு முன்னால் ஆல் குடிவந்துவிட்டார்.

இன்றைக்கும் போகவில்லை. கடைசி மீன் துண்டைத் தின்றது ஆல். விளக்கை அணைக்காமல் படுத்தது ஆல். என் மகள் கல்யாணத்தில் மொய் எழுதிய மச்சான், ஒரு உறையில் "ஆல் முனி, ஹாங்காங்" என்று எழுதி ஐம்பது வெள்ளி வைத்திருந்தார். தொலைபேசியில் யாராவது எதையாவது விற்கக் கூப்பிட்டால், சரோஜா, "மிஸ்டர் ஆல் வீட்ல இல்ல" என்று சொல்லி வைத்துவிடுவாள்.

அந்தத் தந்திரத்தை நானும் ஒருமுறை செய்து பார்த்தேன். கடைத்தொகுதி ஒன்றில் ஒரு பையன் காகிதத்தோடு வழிமறித்துப் பெயர் கேட்டான். தைரியமாக, "ஆல்" என்றேன். அதற்கு மேல் என்ன சொல்வது என்று தெரியவில்லை. வீடு திரும்பியபோது கையில் ஒரு நீலக் குடை இருந்தது.

சரோஜா கதவைத் திறந்தாள். என் முகத்தைப் பார்க்கவில்லை. குடையைப் பார்த்தாள்.

"வாங்க ஆல்," என்றாள். "காலைக் கழுவிட்டு உள்ள வாங்க."