நாற்காலியிலிருந்து விழுந்தவர்

கால் பிசகுவது எந்த ஊரிலும் நடக்கக்கூடியதுதான். ஆனால் பிசகிய கால் முறைப்படிதான் பிசகியிருக்கிறதா என்று விசாரிப்பதற்கு நாகரிகம் முற்றிய ஊர் வேண்டும். நம் சலூன்காரர் அப்படிப்பட்ட ஊரில் குடியிருந்தார்.

அன்று காலை கடைக்குக் கிளம்பியவரை மனைவி தடுத்து, பரண்மேல் இருக்கும் பெரிய அண்டாவை எடுத்துக் கொடுத்துவிட்டுப் போகச் சொன்னாள். முக்காலியைப் போட்டு ஏறினார். அண்டா அசையவில்லை, முக்காலி அசைந்தது. விழுந்து பார்த்தால், வலது பாதம் முக்காலியின் கால்களுக்கு நடுவே மாட்டி, விரல்கள் ஐந்தும் பக்கத்து வீட்டைப் பார்த்துக்கொண்டிருந்தன.

"ஐயையோ, கால் எங்கேயோ பாக்குதே!" என்றாள் மனைவி.

"அது எங்க வேணா பாக்கட்டும். நீ போய் ஒரு வண்டியைப் பாரு!"

ஆஸ்பத்திரியில் டாக்டரம்மா இளவயதுக்காரர், கெட்டிக்காரர். எக்ஸ்ரே படத்தைப் பார்த்ததும் சொல்லிவிட்டார்: "நடுப்பாதத்துல எலும்பு விலகியிருக்கு. மரத்துப்போக ஊசி போட்டு இழுத்து வெச்சா சரியாயிடும். தாமதமானா ரத்த ஓட்டம் நின்னு காலுக்கே ஆபத்து. குறியீட்டு அறைக்குப் போய் கோட் நம்பர் மட்டும் வாங்கிட்டு ஓடி வந்துடுங்க."

ஓடி வரும் நிலையில் அவர் இல்லாததால் சக்கர நாற்காலியில் வைத்து மனைவி தள்ளிக்கொண்டு போனாள்.

குறியீட்டு அலுவலர் நல்ல மனிதர். யாரையும் கடிந்து பேசமாட்டார். எதையும் செய்யவும் மாட்டார். "நோய்க்குக் குறியீடின்றி நோயாளிமீது கை வைக்கலாகாது" என்று மேலிடத்திலிருந்து ஆணை வந்த நாள் முதல் ஆஸ்பத்திரியே அவர் விரல் நுனியில் இருந்தது. அந்த விரல் இப்போது விசைப்பலகைமேல் நின்றது.

"எந்தக் கால்?"

"வலது கால் சார்."

"உங்களுக்கு வலதா, எனக்கு வலதா? எதிரெதிரே உட்கார்ந்திருக்கோம் பாருங்க."

"என் காலு சார். எனக்குத்தான் வலது."

"இந்தக் கால் இதுக்கு முன்னாடி இங்க வந்திருக்கா?"

"மாமியாரைச் சேர்த்திருந்தப்போ வந்துச்சு சார். அப்போ நல்லாத்தான் இருந்துச்சு."

"எதிலிருந்து விழுந்தீங்க?"

"முக்காலியிலேருந்து."

விரல் நின்றுவிட்டது. அலுவலர் திரையை மேலே தள்ளினார், கீழே தள்ளினார். "நாற்காலி இருக்கு. கட்டில் இருக்கு. ஏணி, மரம், ஒட்டகம், விமானம் எல்லாம் இருக்கு. முக்காலி இல்லையே!"

"நாற்காலின்னே போட்டுடுங்களேன் சார், வலி உயிர் போகுது."

"எப்படிய்யா போடறது? மூணு காலை நாலுன்னு எழுதினா, அந்த ஒரு கால் எங்கேருந்து வந்துச்சுன்னு நாளைக்குத் தணிக்கையில கேப்பான். நான் என்ன என் காலையா காட்ட முடியும்?"

மனைவிக்குப் பொய் பிடிக்காது. "முக்காலின்னா முக்காலிதாங்க. ஏன், எழுதினா கை தேஞ்சுடுமா?" என்றாள்.

"கை தேயாதும்மா. கம்ப்யூட்டர் ஏத்துக்காது. மேலிடத்துக்கு எழுதி, புதுசா ஒரு குறியீடு வரவழைக்கிறேன். வர்ற வரைக்கும் வெளியில பொறுமையா உட்காருங்க."

டாக்டரம்மாவே எழுந்து வந்தார். "சார், கால் நீலமாயிட்டு வருது!"

"நிறத்துக்குத் தனிக் குறியீடு டாக்டர். ரெண்டையும் போட்டுக் குழப்பாதீங்க."

சலூன்காரருக்கு வலியைவிடப் பயம் பெரிதாகிவிட்டது. நாளெல்லாம் நின்று பிழைக்கிறவன். கால் போனால் எதை வைத்து நிற்பது? இதற்குள் பின்னால் வரிசை வளர்ந்திருந்தது. முழங்கை வீங்கிய ஒருவர் பொறுமையிழந்தார். அலுவலர்மீதா? அதுதான் இல்லை.

"ஏங்க, பெரிய அரிச்சந்திரனா நீங்க? ஒரு வார்த்தை நாற்காலின்னு சொல்லிட்டுப் போறதுதானே! உங்க உண்மைக்கு எங்க கை காலெல்லாம் காத்துக் கிடக்கணுமா?"

"அதானே!" என்றது வரிசை முழுவதும்.

சலூன்காரர் மனைவியைப் பார்த்தார். அவள் அவருடைய பாதத்தைப் பார்த்தாள். பிறகு சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டாள்.

"சார், இப்பத்தான் ஞாபகம் வருது. அது நாற்காலி."

"நாலு காலும் இருந்துச்சா?"

"ஸ்திரமா இருந்துச்சு சார்."

அலுவலர் முகம் மலர்ந்தது. "இதை முதல்லயே சொல்லியிருக்கலாமில்ல?"

விரல் இறங்கியது. டாக்டரம்மா அங்கேயே ஊசியைப் போட்டு, பாதத்தைப் பிடித்து ஓர் இழுப்பு இழுத்தார். எலும்பு 'டொக்'கென்று தன் வீட்டுக்குத் திரும்பியது. வரிசை கைதட்டியது. அதோடு, நாற்காலி என்றால் வேலை நடக்கிறது என்ற செய்தி ஊரெல்லாம் பரவியது. ஊஞ்சலிலிருந்து விழுந்தவர், படியில் உருண்டவர், மைத்துனன் தள்ளிவிட்டவர் எல்லோரும் வந்து நாற்காலி என்றார்கள். அலுவலரும் மகிழ்ந்து எழுதிக்கொண்டார்.

சலூன்காரர் கட்டுப் பிரிக்கப் போன நாளில் ஆஸ்பத்திரிக் கூடத்தில் ஆட்கள் நிறைந்திருந்தார்கள். உட்கார ஒன்றுமில்லை. கால் பிசகியவர்களெல்லாம் ஒற்றைக் காலில் கொக்கு மாதிரி நின்றுகொண்டிருந்தார்கள்.

சுவரில் அறிவிப்பு இருந்தது: "இவ்வூரில் நிகழும் எலும்பு விலகல்கள் அனைத்திற்கும் நாற்காலியே காரணம் எனப் புள்ளிவிவரங்கள் ஐயமற நிறுவியுள்ளபடியால், பொதுமக்கள் நலன் கருதி நாற்காலிகள் அகற்றப்படுகின்றன. பெயரில் நாற்காலி இருப்பதால் சக்கர நாற்காலிகளும் இதில் அடங்கும்."

"நல்ல காரியம்தான் பண்ணியிருக்காங்க," என்றார் பக்கத்தில் நின்றவர். அதே முழங்கைக்காரர். "எத்தனை பேர் விழுந்திருக்காங்க பாருங்க! சும்மாவா சொல்வாங்க?"

"நீங்க எதிலேருந்து விழுந்தீங்க?"

"நானா? நான் சைக்கிள்லேருந்து. என் கதை வேற. ஆனா ஊர்ல மத்தவங்க எல்லாம் நாற்காலிதானாமே!"

சலூன்காரருக்கு உண்மை தொண்டை வரை வந்தது. கட்டுப் பிரிக்க இன்னொரு குறியீடு தேவைப்படும் என்பது நினைவுக்கு வரவே, அதை அப்படியே விழுங்கினார்.

மறுநாள் நொண்டி நொண்டிப் போய்க் கடையைத் திறந்தார். முதல் வாடிக்கையாளர், ஆறடி உயரமுள்ள பள்ளிக்கூட வாத்தியார், உள்ளே வந்து சுழல் நாற்காலியைப் பார்த்ததும் ஓரடி பின்வாங்கினார்.

"உட்காருங்க சார்."

"வேணாங்க. நாற்காலி ஆபத்துன்னு பிள்ளைங்களுக்கு நேத்துதான் பாடம் நடத்தினேன். நான் நின்னுக்கறேன், நீங்க வெட்டுங்க."

சலூன்காரர் அந்த உயரத்தை அண்ணாந்து பார்த்தார். வாசலில் இன்னும் இரண்டு பேர் வந்து, உட்காராமல், பயபக்தியோடு நின்றார்கள்.

"சரிங்க சார்," என்று கத்தரியை எடுத்தார். "கொஞ்சம் குனிஞ்சு நில்லுங்க."